நியாய விலையே நல்ல பூட்டு

கணினி விளையாட்டுகளின் பூட்டை உடைத்து இணையத்தில் இலவசமாக விட்ட ரகசியக் குழுக்கள் பல ஓய்ந்துவிட்டன. அவற்றில் பெரிய குழுவான கோடெக்ஸ், 2022 பிப்ரவரியில் விடைபெற்றது. இதைச் சட்டத்தின் வெற்றி என்பவர்கள் உண்டு. உண்மையில் வென்றவை, கட்டுப்படியாகும் விலையும் வாங்குவதற்கு எளிய வழியும்தான்.

நார்வேயில் 1985இல் தோன்றிய ரேசர் 1911 தொடங்கி, இந்தக் குழுக்கள் பெரும்பாலும் காசைவிடப் பெயருக்காகவே இயங்கின. யார் முதலில் உடைப்பது என்பதே போட்டி. கோளாறான பிரதியை வெளியிட்டால் அந்த உலகமே அதைத் தள்ளிவைத்துவிடும். ஒவ்வொரு பிரதியோடும் எழுத்துகளாலேயே வரைந்த சின்னம் கொண்ட ஓர் உரைக்கோப்பு வரும். 'பிடித்திருந்தால் காசு கொடுத்து வாங்குங்கள்' என்றுகூடச் சில குழுக்கள் அதில் எழுதின. அந்தப் பிரதிகளைச் சென்னை ரிச்சி தெருவும் பர்மா பஜாரும் குறுந்தகடுகளாக்கி விற்றன. 'வைஸ் சிட்டி' ஆடி வளர்ந்த தலைமுறையில் அதன் அசல் பெட்டியைப் பார்த்தவர்கள் குறைவு.

காவல் துறைகள் சும்மா இருக்கவில்லை. 2001இல் 'பக்கனியர்', 2004இல் 'ஃபாஸ்ட்லிங்க்' என்று பல நாடுகளில் சோதனைகள் நடந்தன. ஃபாஸ்ட்லிங்கில் சிக்கிய ஃபேர்லைட் குழு, சில ஆண்டுகளில் மீண்டும் வந்தது. 2014இல் வந்த டெனுவோ பூட்டு குழுக்களைத் திணறடித்தது உண்மை. ஆனால், பூட்டு திருடுவதைத்தான் கடினமாக்கும், வாங்க வைக்காது. வாங்க வைத்தது வேறு. 2015 நவம்பரில், விளையாட்டுகளை இணையத்தில் விற்கும் ஸ்டீம் தளம் ரூபாயில் விலை வைத்தது. பண்டிகைக்காலத் தள்ளுபடியும் சேர்ந்தது. 2016இல் ஜியோ வந்து டேட்டா மலிவானது. 2018இல் பப்ஜி மொபைல் இலவசமாகவே கைக்கு வந்தது. சர்வரில் ஓடும் இலவச விளையாட்டில் உடைக்க என்ன இருக்கிறது?

அப்படியென்றால் திருட்டை நியாயப்படுத்துவதா என்று கேட்கலாம். இல்லை. ஓரிக்கை உள்ளிட்ட காஞ்சிபுரத்து நெசவுப் பகுதிகளுக்குத் திருட்டு நகலின் வலி தெரியும். பட்டுச் சேலையின் உடலையும் கரையையும் வெவ்வேறு நிறத்தில் இணைக்கும் கோர்வைக்கு மூன்று நாடாக்களும் உதவிக்கு இன்னோர் ஆளும் வேண்டும். அந்தச் சேலையை விசைத்தறி நகலெடுத்துப் பாதி விலைக்கும் கீழே விற்கும்போது அடிபடுவது நெய்தவரின் கூலி. விளையாட்டை உருவாக்கியவரின் உழைப்பும் அத்தகையதே. சட்டம் வேண்டும். ஆனால் 1985 கைத்தறி ஒதுக்கீட்டுச் சட்டமும் 2005இல் கிடைத்த புவிசார் குறியீடும் இருந்தும் போலிப் பட்டு நிற்கவில்லை. நேர்மையாக வாங்குபவருக்கு அசல் எளிதில் கிடைக்காதவரை சட்டம் பாதி வேலையைத்தான் செய்யும்.

இந்தப் பாடத்தை நிறுவனங்கள் மறந்துவருகின்றன. 2024 மார்ச் 31இல் யூபிசாஃப்ட் நிறுவனம் 'தி க்ரூ' விளையாட்டின் சர்வரை நிறுத்தியபோது, காசு கொடுத்து வாங்கியவர்களாலும் அதை ஆட முடியவில்லை. சர்வரை மூடும் நிறுவனம், விற்ற விளையாட்டு தொடர்ந்து ஓட வழிசெய்தாக வேண்டும் என்று சட்டம் சொல்ல வேண்டும். திருடியவரிடம் நிலைப்பதும் வாங்கியவரிடம் பறிபோவதும் வழக்கமானால், ஓய்ந்த குழுக்களுக்கு மறுபடியும் வேலை வந்துவிடும்.