வானம் தோண்டும்போதே தடுக்க வேண்டும்

விடுமுறை நாளாகப் பார்த்துத்தான் வானம் தோண்டுவார்கள். நீதிமன்றம் திறப்பதற்குள் காலனிக்குப் போகும் பாதையில் இடுப்பு உயரத்துக்குச் சுவர் எழுந்துவிடும். காவல் நிலையத்துக்குப் போனால், "இது சிவில் விவகாரம், கோர்ட்டுக்குப் போங்கள்" என்பார்கள். கோர்ட்டுக்குப் போனால் வாய்தாவுக்கு மேல் வாய்தா. ஒவ்வொரு வாய்தாவும் ஒரு நாள் கூலியைத் தின்னும். அதற்குள் பக்கத்து வீட்டுக்காரர் தளமும் போட்டு முடித்துவிடுவார்.

அண்டை வீட்டுத் தகராறு எல்லா ஊரிலும் உள்ளதுதான். ஆனால் பட்டாவும் பணமும் ஆள்பலமும் ஒரு பக்கம், அன்றாடக் கூலி மறுபக்கம் என்றால், அது சமமான வழக்கு அல்ல.

மேட்டுப்பாளையம் நடூரை மறக்க முடியாது. 2019 டிசம்பர் 2 அதிகாலை, பெருமழையில் தனியார் வீட்டின் உயரமான சுற்றுச்சுவர் அருகிலிருந்த தலித் குடியிருப்பின் மீது சாய்ந்தது. பெண்கள், குழந்தைகள் உட்பட 17 பேர் இறந்தனர். அந்தச் சுவரைப் பற்றி முன்பே முறையிட்டிருந்ததாக மக்கள் அப்போது கூறினார்கள். பக்கத்து வீட்டுச் சுவர் என்பது வெறும் எல்லைத் தகராறு அல்ல என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

சட்டம் கைவிடவில்லை, காலதாமதம்தான் கைவிடுகிறது. கட்டத் தொடங்கும்போதே உரிமையியல் நீதிமன்றத்தை அணுகினால் இடைக்காலத் தடை கேட்கலாம். இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தர வழக்கறிஞர் ஆணையரை நியமிக்கும்படியும் கேட்கலாம். கட்டி முடித்த பிறகு என்றால், இடிக்கச் சொல்லும் செயலுறுத்துக் கட்டளை கேட்டு நெடுநாள் போராட வேண்டும். தெரிந்தும் பேசாமல் இருந்தவருக்கு நீதிமன்றம் அதை மறுக்கவும் கூடும். தனியார் நிலம் வழியாக 20 ஆண்டுகள் தடையின்றி, உரிமையோடு நடந்து வந்த பாதைக்கு 1882-ஆம் ஆண்டின் வசதியுரிமைச் சட்டம் பாதுகாப்புத் தருகிறது. அதை நிரூபிக்கப் பழைய ஆவணங்களும் சாட்சிகளும் வேண்டும்.

தலித் மக்களின் நிலத்தை முறைகேடாக ஆக்கிரமிப்பதும், பொதுப் பாதையில் செல்லவிடாமல் தடுப்பதும், அவர்கள் மீது பொய் வழக்கு போடுவதும் வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி குற்றம். அதேசமயம், பாதிக்கப்பட்டவர் தலித் என்பதாலேயே ஒரு சொத்துத் தகராறு வன்கொடுமை ஆகிவிடாது என்று உச்ச நீதிமன்றம் 2020-இல் கூறியிருக்கிறது. ஆகவே, நடந்ததை நடந்தபடி, தேதியோடு எழுதித் தருவதே வழக்குக்குப் பலம்.

வழக்கறிஞருக்குப் பணம் இல்லையே என்று ஒதுங்க வேண்டியதில்லை. 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டப்படி, பட்டியல் சாதியினருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. நீதிமன்ற வளாகத்தில் உள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவில் மனு கொடுக்கலாம். 15100 என்ற எண்ணில் பேசலாம்.

ஆனால் முதல் பொறுப்பு பாதிக்கப்பட்டவருடையது அல்ல. வரைபட அனுமதி இல்லாத கட்டடத்தை நிறுத்த வேண்டியது உள்ளாட்சி அமைப்பு. புறம்போக்கு ஆக்கிரமிப்பை அகற்ற வேண்டியது வருவாய்த்துறை. காலம் கடந்துவிட்டது, பணம் செலவாகிவிட்டது, அதிகாரிகள் பேசாமல் இருந்தார்கள் என்ற காரணங்களால் அனுமதியற்ற கட்டடம் சட்டப்படியானதாகிவிடாது என்று 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. அதன் பிறகும் புகார் மனுவை வாங்கி வைத்துக்கொண்டு "கோர்ட்டில் பார்த்துக்கொள்ளுங்கள்" என்பது கடமை தவறுவதாகும். மனு கிடைத்த உடனே சர்வேயரை அனுப்பி அளந்தால், பாதி வழக்குகள் நீதிமன்றப் படியேறாது.

படிக்கும் பிள்ளைகளுக்கு ஒரு வேலை இருக்கிறது. உங்கள் தெருவின் புலப்பட நகலையும், வீட்டுப் பட்டா, வரி ரசீதுகளையும் எடுத்துப் பத்திரப்படுத்துங்கள். பாதையை இன்றே தேதியோடு படம் எடுத்து வையுங்கள். யாராவது கடப்பாரையோடு வந்து நின்றால், அன்றைக்கே மனு எழுதிக் கொடுத்து ஒப்புகை ரசீது வாங்குங்கள். தளம் போட்ட பிறகு எழுதும் நூறு மனுவைவிட வானம் தோண்டிய அன்று எழுதும் ஒரு மனுவுக்கு வலு அதிகம்.