தாத்தா ருசி பாராத புடிங்



இம்மாதம் நம்மில் பலர் பெயர்கூடக் கேட்டிராத ஒரு பண்டத்தைச் சொல்லித் தருகிறேன். அதன் பெயர் யோர்க்‌ஷயர் புடிங். புடிங் என்றதும் இனிப்பு என்று நினைத்துவிடாதீர்கள். கோதுமை மா, முட்டை, பால் மூன்றையும் உப்புப் போட்டுக் கரைத்து, கொதிக்கும் எண்ணெயில் ஊற்றிப் போறணையில் வைத்தால், கிண்ணம்போல உப்பி வரும். ஓரம் மொறுமொறுப்பாகவும் நடுப்பகுதி மெதுவாகவும் இருக்கும். ஞாயிறு மதியம் ரோஸ்ட் இறைச்சியுடன் குழம்பு ஊற்றி இதை உண்பது ஆங்கிலேயர் வழக்கம்.

நாவலப்பிட்டிக்கு 1874 இல் ரயில் வந்தது. சுற்றிலும் இருந்த தோட்டங்களில் துரைமாரின் பங்களாக் குசினிகளில் நம்மவரும் சமைத்தார்கள். என் அம்மாவின் தகப்பனார் அவர்களில் ஒருவர். அந்த நாளில் இதை மாட்டுக் கொழுப்பில் செய்வார்கள். தாத்தா மாட்டிறைச்சி தொடாதவர். ஆகவே பல வருடங்கள் செய்தும் ஒரு துண்டைக்கூட அவர் வாயில் வைத்ததில்லை. காதால்தான் பதம் பார்ப்பாராம். "மா விழும்போது சீறணும் புள்ள. சீறலைன்னா பொங்காது" என்று லயத்து வாசலில் உட்கார்ந்து சொல்வார்.

1977 வன்செயலுக்குப் பின் நாங்கள் வவுனியாப் பக்கம் போனோம். அங்கேயே எனக்குக் கலியாணமும் நடந்தது. 2009 இல் கணவரை இழந்தேன். மெனிக் பாம் முகாமில் இருந்துவிட்டு, இரண்டு பிள்ளைகளோடு பிறந்த ஊருக்கே திரும்பினேன். விருந்தினர் விடுதியாக மாற்றப்பட்ட ஒரு பழைய பங்களாவில் பாத்திரம் கழுவும் வேலை கிடைத்தது.

ஒரு ஞாயிறு சமையல்காரர் வரவில்லை. விருந்தினரோ இந்தப் புடிங்கைக் கேட்டிருந்தார்கள். "எனக்குத் தெரியும்" என்று வாய் முந்திவிட்டது. முதல் தட்டை வைத்துவிட்டு, பொங்கியதா என்று பார்க்கக் கதவைத் திறந்தேன். உப்பி வந்தது என் கண்முன்னே சுருங்கிப் படுத்துவிட்டது. கழுவுகிற வேலையும் போய்விடுமே, பிள்ளைகளின் படிப்பு என்னாகும் என்று கை நடுங்கியது. அப்போதுதான் தாத்தாவின் சொல் ஞாபகம் வந்தது. மீதி மாவை எடுத்தேன். எண்ணெய் புகையத் தொடங்கும்வரை பொறுத்தேன். ஊற்றியதும் சீறியது. இருபது நிமிடம் கதவின் பக்கமே போகவில்லை. அன்று முதல் நான் சமையல் வேலையில் இருக்கிறேன்.

செய்முறை இதுதான். 12 குழிகள் உள்ள கேக் தட்டுக்கு 140 கிராம் கோதுமை மா, 4 முட்டை, 200 மில்லிலீற்றர் பால், அரைத் தேக்கரண்டி உப்பு போதும். பால்மாவைக் கரைத்தும் எடுக்கலாம். கட்டியில்லாமல் அடித்து அரை மணித்தியாலம் வையுங்கள். குழிக்கு ஒரு தேக்கரண்டி எண்ணெய் விட்டு, தட்டை 220 பாகை சூட்டில் பத்து நிமிடம் காய வையுங்கள். தேங்காயெண்ணெய் சீக்கிரம் கருகும். சூரியகாந்தி எண்ணெய் நல்லது. மாவைக் குழியின் பாதிக்கு ஊற்றி 20 முதல் 25 நிமிடம் வேகவிடுங்கள். சூடான எண்ணெய் தெறிக்கும், பிள்ளைகளை எட்ட நிறுத்துங்கள்.

இதற்கு அப்பச்சோடா வேண்டாம். கரைசலில் உள்ள நீர் ஆவியாகி மாவை மேலே தள்ளுகிறது. முட்டை இறுகி அந்த உருவத்தைப் பிடித்துக்கொள்கிறது. இறுகுமுன் கதவைத் திறந்தால் சூடு குறைந்து அமுங்கிவிடும்.

அடுப்பில் தாச்சி வைத்து இதைச் செய்ய முடியாது. போறணை இல்லாதவர்கள் அயலில் உள்ள பேக்கரியில் ஒரு தட்டு வைத்துத் தரக் கேட்டுப் பாருங்கள். இறைச்சி உண்ணாதவர்கள் வெங்காயக் குழம்புடன் உண்ணலாம்.

இது ஆதியில் பணக்காரர் உணவல்ல. ஹன்னா கிளாஸ் என்ற பெண்மணி 1747 இல் வெளியிட்ட சமையல் நூலில் இது இதே பெயரில் உள்ளது. இறைச்சி வரும் முன்பே இதைக் குழம்புடன் கொடுத்து வயிற்றை நிரப்புவார்களாம், இறைச்சி குறைவாகச் செலவாகும் என்பதற்காக. பற்றாக்குறையில் வீட்டாரின் பசியை ஆற்றும் வித்தை நமக்கும் புதிதல்லவே.

சென்ற தாத்தாவின் திவசத்தன்று, எண்ணெயில் செய்த புடிங் ஒன்றைக் கத்தரிக்காய்க் குழம்புடன் சேர்த்துப் படைத்தேன். முட்டை சேர்ந்ததைப் படைக்கலாமா என்று அம்மா முதலில் யோசித்தார். பிறகு, "இப்பவாவது ருசி பார்க்கட்டும்" என்றார்.

அடுத்த மாதம் சந்திப்போம்.