தள்ளுபடியான கடன்களும் தள்ளி வைக்கப்பட்ட சனங்களும்

விவசாயக் கடன் தள்ளுபடி என்று அறிவிப்பு வந்தால் ஊரில் வெடி வெடிக்கிறார்கள். சேரியில் யாரும் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. 'தள்ளுறதுக்கு அங்க நமக்கு என்ன கடன் இருக்கு? நம்மளத்தான் மொதல்லயே தள்ளி வச்சிட்டானே' என்பது சேரியின் கணக்கு. இந்தக் கணக்கைப் பேசாமல் விவசாயி விவசாயி என்று மேடைதோறும் மார்தட்டுகிறவர்களிடம் ஒன்று கேட்க வேண்டியிருக்கிறது: யாருய்யா உங்க விவசாயி?

அரசாணைகளில் இதற்குப் பதில் இருக்கிறது. 2006இல் தமிழக அரசு கூட்டுறவுப் பயிர்க்கடன்களைத் தள்ளுபடி செய்தது. 2008இல் மத்திய அரசு, 1997 மார்ச் 31 முதல் 2007 மார்ச் 31 வரை கொடுக்கப்பட்டுத் தவணை தவறி நின்ற கடன்களை எடுத்துக்கொண்டது. 2 ஹெக்டேர் வரை முழுத் தள்ளுபடி, அதற்கு மேல் 25 சதவீதச் சலுகை. 2016இல் தமிழகத்தில் 5 ஏக்கர் வரையுள்ள சிறு, குறு விவசாயிகளுக்கு. 2021இல் 16.43 லட்சம் பேருக்கு 12,110 கோடி ரூபாய். தேதி மாறியது, ஏக்கர் மாறியது, ஆட்சி மாறியது. ஒன்று மட்டும் மாறவே இல்லை: வங்கியிலோ கூட்டுறவுச் சங்கத்திலோ உன் பெயரில் கடன் இருக்க வேண்டும்.

சங்கத்தில் போய்க் கடன் கேட்டால் என்ன சொல்கிறார்கள்? சிட்டா கொண்டா, அடங்கல் கொண்டா. ஆக, தள்ளுபடிக்குத் தகுதி கடன். கடனுக்குத் தகுதி நிலம். நிலத்துக்குத் தகுதி எது என்று எந்த அரசாணையும் எழுதவில்லை. அதை எழுதித்தான் தெரிய வேண்டுமா? சாதி.

2011 மக்கள்தொகைக் கணக்கின்படி தமிழ்நாட்டில் சொந்தமாகவோ குத்தகைக்கோ பயிர் செய்பவர்கள் ஏறக்குறைய 42 லட்சம் பேர். விவசாயக் கூலிகள் 96 லட்சம் பேர். சேற்றில் நிற்கிறவர்களில் பெரும்பகுதி 'விவசாயி' என்ற சொல்லுக்கு வெளியே நிற்கிறார்கள். நடவு நடுகிற பெண்ணுக்கு அந்தச் சொல்லின் நிழல்கூடக் கிடையாது.

'2008 திட்டத்தில் குத்தகைதாரரும் வாரதாரரும் விவசாயி என்றுதானே எழுதியிருக்கிறது' என்பார்கள். எழுதியிருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் குத்தகை காகிதத்தில் இருக்கிறதா? குத்தகை உரிமையைப் பதிவு செய்ய 1969இலேயே இங்கே சட்டம் வந்தது. பதிந்தால் உரிமை வந்துவிடுமே என்று நிலக்காரர் கையெழுத்துப் போடுவதில்லை. கட்டாயப்படுத்திக் கேட்டால் அடுத்த போகத்துக்கு நிலம் இல்லை. எல்லாம் வாய்ப்பேச்சுதான். பயிர் வைப்பவன் கந்துவட்டிக்கு வாங்குகிறான். பயிர்க்கடன் பட்டாக்காரர் பெயரில் எழுதப்படுகிறது. மழை பொய்த்தால் நட்டம் இவனுக்கு, நிவாரணம் அவருக்கு, தள்ளுபடியும் அவருக்கு. குத்தகை நெல்லை எவன் தள்ளுபடி செய்தான்?

2016 ஆணையின் 5 ஏக்கர் வரம்பை எதிர்த்து ஒரு விவசாயிகள் சங்கம் நீதிமன்றம் போனது. எல்லோருக்கும் கொடு என்று 2017இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை சொன்னது. 2021 நவம்பரில் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. வழக்காடுவது அவர்கள் உரிமை. ஆனால் 5 ஏக்கருக்கு மேலே இருப்பவர்களுக்காக இத்தனை ஆண்டு மூச்சுவிடாமல் வாதாட முடிந்தது. ஒரு சென்ட்கூட இல்லாதவருக்காக அதே சூட்டோடு பேச ஏன் வாய் வரவில்லை?

2008 திட்டத்தைத் தணிக்கை செய்த மத்திய தணிக்கைத் துறை, 2013 அறிக்கையில், சோதித்த 9,334 கணக்குகளில் 1,257 பேர் தகுதியிருந்தும் விடுபட்டதாகச் சொன்னது. கணக்கு இருந்ததால் அவர்களை எண்ண முடிந்தது. கணக்கே இல்லாதவனை எந்தத் தணிக்கை எண்ணும்?

நிலம் இல்லாமல் போனது எங்கள் தலைவிதி இல்லை. 1892இல் தாழ்த்தப்பட்டோருக்கென ஒதுக்கிய பஞ்சமி நிலம் இன்று யார் யார் பட்டாவில் இருக்கிறது? அதைக் கேட்ட காரணைப் போராட்டத்தில் 1994 அக்டோபர் 10 அன்று ஜான் தாமஸும் ஏழுமலையும் போலீஸ் குண்டுக்குச் செத்தார்கள். பறித்த நிலத்தின் பட்டாவைக் காட்டிக் கடன் வாங்கி, அந்தக் கடனுக்குத் தள்ளுபடியும் வாங்க முடிகிற நாட்டில் தகுதி என்ற சொல்லுக்கு வெட்கம் வேண்டாமா?

எங்களுக்கும் ஒரு தள்ளுபடிச் சட்டம் உண்டு. 1976ஆம் ஆண்டின் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம். கொத்தடிமைக் கடன் செல்லாது என்றது அது. ஆனால் கரும்பு வெட்டவும் செங்கல் சூளைக்கும் முன்பணம் வாங்கிப் போகிற குடும்பம், கொத்தடிமை என்று அதிகாரி ஏற்றுக்கொண்டால்தான் நடைமுறையில் விடுதலை. அதற்கு மேளம் கிடையாது, பாராட்டு விழாவும் கிடையாது.

தள்ளுபடியே கூடாது என்று நாம் சொல்லவில்லை. வறட்சியில் வாடுகிற குறு விவசாயிக்கு அது உயிர். அவர்களில் நம் சனமும் உண்டு. நாம் கேட்பது வேறு. உழைப்பைத் தகுதியாக்கு. வாய்ப்பேச்சுக் குத்தகையை நேரில் விசாரித்து, பயிர் வைத்தவர் பெயரை அடங்கலில் ஏற்று. அந்தப் பெயருக்குச் சங்கத்தில் கடன் கொடு. கூலிப்பெண்களை வாட்டும் வாரத் தவணைக் கடனையும் கந்துவட்டியையும் விவசாயக் கடனாகக் கணக்கிடு. பஞ்சமி நிலத்தை மீட்டுக் கொடு.

அடுத்த தேர்தலிலும் தள்ளுபடி பேசுவார்கள். ஆணை வந்த பிறகு கூடிப் புலம்பிப் பயனில்லை. தோழர்களே, அதற்கு முன்பே ஒவ்வொரு கிராம சபையிலும் எழுந்து நின்று கேளுங்கள்: இந்த ஊரில் உழுகிறவர்கள் பட்டியல் எங்கே?