பாட்டெழுதினால் சோறு போடுமோ?

உங்கள் கலியாண ஹாலில் முதல் நடனத்துக்கு என்ன பாட்டுப் போட்டார்கள் என்று ஞாபகம் இருக்கிறதா? எங்கள் வயதுக்காரர் என்றால் செலின் டியோனின் ‘பிகாஸ் யூ லவ்ட் மீ’, ஏரோஸ்மித்தின் ‘ஐ டோன்ட் வான்ட் டு மிஸ் எ திங்’, லீஆன் ரைம்ஸின் ‘ஹவ் டு ஐ லிவ்’ இந்த மூன்றில் ஒன்றாக இருக்க நல்ல வாய்ப்பு உண்டு. கலியாணத்தில் கேட்காவிட்டால் பள்ளிக்கூட பஸ் ரேடியோவில் கேட்டிருப்பீர்கள். டோனி பிராக்ஸ்டனின் ‘அன்-பிரேக் மை ஹார்ட்’டையும் ஷேரின் ‘இஃப் ஐ குட் டர்ன் பேக் டைம்’மையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஐந்தையும் எழுதியது ஒரே ஆள். சொல்லும் அவருடையது, மெட்டும் அவருடையது. பெயர் டையான் வாரன். தெருவில் எதிரே வந்தால் உங்களில் எத்தனை பேர் திரும்பிப் பார்ப்பீர்கள்?

அவரைப் பற்றி இந்த மாதம் எழுத எனக்கு ஒரு காரணம் இருக்கிறது. என் மகளுக்குப் பதினொரு வயது. கொப்பி நிறையப் பாட்டு எழுதுகிறாள். பாடகியாக வரப்போறீங்களோ என்று விருந்துக்கு வந்த யாரோ கேட்டபோது, “இல்லை, நான் பாடமாட்டன். மற்றாக்கள் பாடுறதுக்கு எழுதப்போறன்” என்று சொல்லிவிட்டாள். வந்தவர் சிரித்தார். அப்பம்மா சிரிக்கவில்லை. அன்று இரவு என்னிடம் தனியாக வந்து, “எழுதட்டும், நல்லதுதான். ஆனா தம்பி, அது சோறு போடுமோ?” என்றா.

நியாயமான கேள்வி. நான் சொப்ட்வெயர் எழுதிப் பிழைக்கிறவன். ஒரு தொழில் என்றால் உள்ளே என்ன நடக்கிறது, காசு எந்தக் குழாய் வழியாக வருகிறது என்று பார்க்காமல் எனக்கு நித்திரை வராது. அப்படித் தேடப் போய்த்தான் இந்தப் பெண்மணியின் கதையில் மாட்டிக்கொண்டேன்.

1956இல் லாஸ் ஏஞ்சலஸ் நகரத்தின் வான் நைஸ் பகுதியில் பிறந்தவர். வீட்டில் மூன்றாவது பெண் பிள்ளை, கடைக்குட்டி. அப்பா காப்புறுதி விற்பவர். குடும்பப் பெயர் முதலில் வுல்ஃப்பெர்க். யூதப் பெயர் என்று காதில் விழக்கூடாது என்பதற்காக அப்பா அதை வாரன் என்று மாற்றினார். (வேலை விண்ணப்பத்தில் தன் பெயரின் பின்பாதியை வெட்டி எறிந்த நண்பர்கள் எனக்கு நாலைந்து பேர் இருக்கிறார்கள். உங்களுக்கும் இருப்பார்கள். இந்த அப்பாவை எனக்கு உடனே விளங்கியது.)

சின்ன வயதில் டையான் குழப்படிக்காரி. ஒருமுறை வீட்டைவிட்டு ஓடியும் போனார். தன் பூனையை நினைத்து இருக்க முடியாமல் திரும்பி வந்துவிட்டார். பதினொரு வயதில் பாட்டு எழுதத் தொடங்கி, பதினாலில் அதையே முழுமூச்சாக எடுத்தார். அப்பா பன்னிரண்டு தந்தி கிட்டார் ஒன்று வாங்கிக் கொடுத்தார். சத்தம் வீட்டுக்குள் வராமல் இருக்கப் பின்வளவில் ஒரு தகரக் கொட்டிலும் வாங்கிப் போட்டார். பிறகு பாட்டுக் கம்பெனிகளுக்கு அவரே மகளைக் கூட்டிக்கொண்டு போனார். அம்மா வேறு மாதிரி. இந்தக் கனவை விட்டுவிட்டு ஒரு செக்ரட்டரி வேலைக்குப் போ என்பது அவருடைய கட்சி.

இந்தக் கதையை ஆங்கிலத்தில் எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அப்பாவை வீரனாக்கி அம்மாவை ஓரங்கட்டிவிடுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. அம்மா கேட்டதும் அப்பம்மா கேட்டதும் ஒரே கேள்விதான். மூன்று பெண் பிள்ளைகள், கமிஷனில் ஓடும் வீடு. அந்த வீட்டில் யாராவது ஒருவர் அதைக் கேட்கத்தானே வேண்டும்? அத்துடன் பதில் ஒன்றும் சீக்கிரத்தில் கிடைத்துவிடவில்லை. டையான் 1978இல் நார்த்ரிட்ஜில் இருக்கும் அரசுப் பல்கலைக்கழகத்தில் பட்டம் முடித்தார். முதல் பெரிய வெற்றி 1983இல். லாரா பிரானிகன் பாடிய ‘சாலிட்டேர்’. அதுவும் ஏற்கெனவே இருந்த ஒரு பிரெஞ்சுப் பாட்டுக்கு ஆங்கில வரிகள் எழுதியது மட்டுமே. தொடங்கிய நாளிலிருந்து எண்ணினால் பதினாறு வருடம்.

அதற்குப் பிறகுதான் வண்டி வேகம் எடுத்தது. 1985இல் டிபார்ஜ் குழுவின் ‘ரிதம் ஆஃப் த நைட்’ அமெரிக்கப் பட்டியலில் மூன்றாம் இடம். 1987இல் ஆல்பர்ட் ஹாமண்டுடன் சேர்ந்து எழுதிய ‘நத்திங்ஸ் கோனா ஸ்டாப் அஸ் நவ்’ முதலிடம். இடையில் ஒரு சங்கடம். ஆரம்பத்தில் கையெழுத்து வைத்த ஒப்பந்தம் ஒன்று வழக்கில் போய் நின்றது. அந்த இழுபறியில் இன்னொரு பதிப்புக் கம்பெனியைத் தேடிப் போகாமல், ரியல்சாங்ஸ் என்று தன் சொந்தக் கம்பெனியைத் தொடங்கினார். என் கணக்கில் அவர் வாழ்க்கையின் மிகப் பெரிய ‘ஹிட்’ இதுதான். ஏன் என்று சொல்கிறேன்.

ஒரு பாட்டுக்குள் சட்டத்தின் கண்ணில் இரண்டு சொத்துகள் இருக்கின்றன. ஒன்று எழுதப்பட்ட பாட்டு, அதாவது சொல்லும் மெட்டும். மற்றது அதைப் பாடிப் பதிவுசெய்த ஒலிப்பதிவு. பாடகர் இரண்டாவதில் இருக்கிறார், எழுதியவர் முதலாவதில். இரண்டுக்கும் காசு வரும் வழிகள் வேறு வேறு. அமெரிக்காவில் சாதாரண ரேடியோவில் ஒரு பாட்டுப் போனால் காசு எழுதியவருக்கும் அவருடைய பதிப்பாளருக்கும்தான் போகும். பாடியவருக்கு ஒரு சதமும் இல்லை. முதல்முறை வாசித்தபோது நான் நம்பவில்லை. இங்கே கனடாவில் அப்படி இல்லை, பாடியவர்களுக்கும் ஒரு பங்கு உண்டு.

இறுவட்டு விற்றாலும் எழுதியவருக்குப் பங்கு உண்டு. அந்த வீதத்தை அமெரிக்காவில் அரசாங்கமே நிர்ணயிக்கிறது. 1909இல் பிரதிக்கு 2 சதம் என்று வைத்ததை 1978 வரை யாரும் தொடவில்லை. 2006இலிருந்து 2022 வரை 9.1 சதம். அந்த வீதத்தில் பத்து லட்சம் பிரதி விற்றால் 91,000 டாலர். வழக்கமாக அதில் பாதியைப் பதிப்பாளர் எடுத்துக்கொள்வார். பதிப்பாளரும் நீங்களே என்றால்? அதுதான் ரியல்சாங்ஸ்.

‘அன்-பிரேக் மை ஹார்ட்’ அமெரிக்காவில் பதினொரு வாரம் முதலிடத்தில் இருந்தது. அந்தப் பாட்டு வெளிவந்து இரண்டு வருடத்துக்குள், 1998 தொடக்கத்தில், டோனி பிராக்ஸ்டன் திவால் மனு கொடுத்தார். அதற்கு ஒரு பாட்டு மட்டும் காரணம் என்று சொல்லமுடியாது, கம்பெனியோடு அவருக்கு இருந்த ஒப்பந்தம், செலவு என்று பலதும் சேர்ந்தது. ஆனால் மேடையில் வெளிச்சத்தில் நிற்பவரும் காசு போய்ச் சேரும் இடமும் ஒன்றாக இருக்கவேண்டும் என்று இல்லை.

‘ஹவ் டு ஐ லிவ்’ கதை இன்னும் வேடிக்கை. ‘கான் ஏர்’ படத்துக்காக லீஆன் ரைம்ஸ் பாடினார், அப்போது வயது பதினாலு. படக்காரருக்குத் திருப்தி இல்லை. டிரிஷா இயர்வுட்டை வைத்து அதே பாட்டைத் திரும்பப் பதிவுசெய்தார்கள். 1997 மே மாதம் இரண்டும் ஒரே நாளில் கடைக்கு வந்தன. ரைம்ஸின் பதிவு பில்போர்ட் பட்டியலில் 69 வாரம் நின்றது, அப்போது அது சாதனை. அடுத்த வருடம் கிராமி விருதை இயர்வுட் கொண்டுபோனார். யார் வென்றாலும் ஒரு வீட்டுக்குக் காசு வந்துகொண்டே இருந்தது.

பாட்டை விற்பதும் இந்தத் தொழிலில் ஒரு பாதி. ஷேருக்கு ‘இஃப் ஐ குட் டர்ன் பேக் டைம்’ பிடிக்கவே இல்லை. டையான் ஸ்டூடியோவில் முழங்காலில் இருந்து ஷேரின் காலைக் கட்டிப்பிடித்து, பாடிப் பார்க்கும்வரை விடமாட்டேன் என்று அடம்பிடித்தார். ஷேர் பாடினார். 1989இல் அது அவருடைய மறுவருகை ஆனது.

மற்றப் பாதி வெறும் வேலை. ஹாலிவுட்டில் ஒரு சின்ன அறை. வருடக்கணக்கில் அதைத் துப்புரவாக்க விடவில்லை, ராசி போய்விடும் என்று பயம். பெரும்பாலும் தனியாகத்தான் எழுதுவார். காதல் பாட்டுகளின் ராணி என்று உலகம் சொல்லும் இவர், தான் காதலித்ததே இல்லை என்று வெளிப்படையாகச் சொல்பவர். அப்படியென்றால் எங்கிருந்து வருகிறது? ஒருநாள் தொலைக்காட்சியில் நடிகர் ஜேம்ஸ் புரோலினின் பேட்டி போகிறது. பார்பரா ஸ்ட்ரைசாண்டும் தானும் நித்திரை கொள்ளும் நேரத்தில்கூட அவரை ‘மிஸ்’ பண்ணுவதாக அவர் சொல்கிறார். டையான் அதை உடனே குறித்துக்கொள்கிறார். 1998இல் அது ஏரோஸ்மித்தின் பாட்டாக வந்தது. 1970களிலிருந்து இருக்கும் அந்த ராக் குழுவுக்கு அமெரிக்கப் பட்டியலில் கிடைத்த ஒரே முதலிடம் அதுதான். மகளிடம் இதைச் சொன்னேன். இப்போது சாப்பாட்டு மேசையில் நாங்கள் வாய் திறந்தால் அவள் கொப்பியை எடுக்கிறாள். அப்பம்மாவின் இரண்டு வசனங்கள் ஏற்கெனவே உள்ளே போய்விட்டன.

தமிழ் சினிமாவை நினைக்காமல் இருக்க முடியவில்லை. அங்கே மெட்டு ஒருவர், சொல் இன்னொருவர். நீண்ட காலம் கவிஞருக்குக் கையில் ஒரு தொகை, அத்துடன் கதை முடிந்தது. நாங்கள் காரில் ஆயிரம் தரம் கேட்டாலும் அவருக்கு ஒன்றும் வராது. 2012இல் இந்தியப் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்தி, படத்துக்கு வெளியே பாட்டுப் பயன்படும்போது வரும் பங்கை எழுதியவரும் இசையமைத்தவரும் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிட முடியாது என்று ஆக்கினார்கள். எத்தனை கவிஞர்களுக்கு அது காலம் கடந்து வந்த சட்டம்!

இப்போது ஸ்ட்ரீமிங் காலம். கணக்கு மெலிந்துவிட்டது. அமெரிக்காவில் ஸ்ட்ரீமிங் கம்பெனியின் வருமானத்தில் ஏறத்தாழ 15 சதவீதம்தான் எழுதியவர்கள் பக்கம் முழுவதற்கும் போகிறது. ஒரு பாட்டின் கீழே ஐந்தாறு பெயர்கள் இருப்பது இன்று சர்வசாதாரணம், அந்தத் துண்டை அத்தனை பேரும் பிரிக்கவேண்டும். டையான் வாரன் வந்த வழி இன்னும் அப்படியே திறந்து கிடக்கிறது என்று மகளுக்கு நான் சொல்லமாட்டேன். அப்பம்மாவிடம், “போடும், ஆனா எல்லாருக்கும் போடாது. வேறொரு படிப்பும் பக்கத்திலை இருக்கட்டும்” என்றேன். “அதைத்தானே நானும் சொன்னனான்” என்றா.

ஆஸ்கார் கதையையும் சொல்லவேண்டும். 2025 வரை 16 முறை நியமனம், போட்டியில் ஒருமுறைகூட வெற்றி இல்லை. 2022இல் அகாடமியே கௌரவ ஆஸ்கார் கொடுத்தது, ஒரு பாடலாசிரியருக்கு அது கிடைத்தது அதுவே முதல் தடவை. மேடையில் கொடுத்தவர் ஷேர், அதே ஷேர்தான். கையில் சிலையை வைத்துக்கொண்டு, கடைசியில் எனக்கும் ஒரு ஆண் கிடைத்துவிட்டான் என்று அம்மாவைக் கூப்பிட்டுச் சொல்லிச் சபையைச் சிரிக்கவைத்தார். அப்பாவுக்கு எப்போதோ நன்றி சொல்லியாகிவிட்டது. ‘பிகாஸ் யூ லவ்ட் மீ’ என்று கலியாண ஹாலில் நாங்கள் ஆடிய பாட்டு, கொட்டில் வாங்கிப் போட்ட அந்த மனிதருக்காக அவர் எழுதியது.

எங்கள் வீட்டில் தகரக் கொட்டிலுக்கு இடமில்லை. பேஸ்மெண்டில் வாஷிங் மெஷினுக்குப் பக்கத்தில் ஒரு மேசை போட்டிருக்கிறோம். இப்போதைக்கு நான் வைத்திருக்கும் சட்டம் ஒன்றே ஒன்று: சேர்ந்து எழுதினால், யாருக்கு எத்தனை சதவீதம் என்று அன்றைக்கே பேப்பரில் எழுதி, இரண்டு பேரும் கையெழுத்து வைக்கவேண்டும். தொழிலில் பெரிய ஆட்களும் இதைத்தான் செய்கிறார்கள், செய்யாதவர்கள் பிறகு வக்கீலிடம் போகிறார்கள். போன சனிக்கிழமை மகளும் சினேகிதியும் ஒரு பாட்டு முடித்தார்கள். ஆளுக்கு 45 என்று பேப்பரில் இருந்தது. மிச்சம் பத்து யாருக்கு என்று கேட்டேன். கோரஸில் சரியான இடத்தில் குரைத்ததற்காகச் சினேகிதியின் நாய்க்காம்.