வயிற்றுப்பாட்டுக்கு நடித்த கலைஞர்

2021 ஏப்ரலில், தமது 73ஆம் வயதில், 'மினாரி' படத்தின் பாட்டி வேடத்துக்காக ஆஸ்கார் விருது பெற்று, நடிப்புக்காக அதனை அடைந்த முதல் கொரியர் என்ற கீர்த்திக்கு உரியவரான யுன் யோ ஜங் அம்மையாரின் வெற்றியைத் திடீர் அதிர்ஷ்டம்போல் வர்ணிப்பது எனக்கு உடன்பாடன்று.

1966இல் தொலைக்காட்சியில் அடியெடுத்து வைத்து, 1971இல் கிம் கி யங் இயக்கிய 'ஹ்வானியோ'வில் ஒரு குடும்பத்தையே நிலைகுலையச் செய்யும் வேலைக்காரியாகத் தோன்றிப் பிரசித்தி பெற்ற அவர், விவாகமாகி அமெரிக்கா சென்று, நடிப்பைத் துறந்து இல்லறத்தில் ஆழ்ந்திருந்து, 1980களில் தாயகம் திரும்பி மணமுறிவுக்கும் ஆளானபோது, இரண்டு புதல்வர்களைக் காக்கும் பாரம் முழுவதும் அவர் தோளில் விழுந்தது. மணமுறிவு பெற்ற பெண்ணைத் திரையில் காணவும் அக்காலக் கொரிய சமூகம் விரும்பவில்லை. எனினும் சிறு வேடம், துணை வேடம் என்ற பேதம் பாராமல் கிடைத்ததையெல்லாம் ஏற்றார். பிள்ளைகளின் ஜீவனத்துக்காகவே நடித்ததாக அவரே ஒளிவின்றிச் சொல்லியிருக்கிறார்.

கலையைப் பரிசுத்தமான தவமென்று போதிப்போருக்கு இது கசக்கலாம். ஆனால், பக்கவாதத்தால் பேச்சுக் குழறிய 'மினாரி' பாட்டி, தன் கையாலேயே மூண்ட தீயில் மகள் குடும்பத்தின் விளைச்சல் எரிந்தபின், இருளில் திசையறியாது நடந்துபோகும் காட்சியைக் கண்டபோது, அந்நடையில் நான் உணர்ந்தது அத்தனை ஆண்டுகளின் கூலி உழைப்பையே.

விருது மேடையில், தம்மை வேலைக்கு அனுப்பிய அவ்விரு புதல்வர்களுக்கும், 1998இல் மறைந்த தம் முதல் திரைப்பட இயக்குநர் கிம் கி யங்குக்கும் அவர் நன்றி கூறினார்.