பிந்தி முதிர்ந்த பெண்குதிரை

ஆண்டுதோறும் மே மாதத்தில் அரசுத் தேர்வு முடிவுகள் வெளியாகும் நாள், திருவள்ளூர் இரயில் நிலையத்தை அடுத்துள்ள மணவாள நகரில் சில வீடுகளுக்குத் திருநாளாகவும் சில வீடுகளுக்குத் துக்க நாளாகவும் கழிகின்றது. ஒரு வீட்டார் தெருவெங்கும் இனிப்பு வழங்குவர். அடுத்த வீட்டார் கதவைச் சாத்திக்கொள்வர். அந்நாளில் பெற்றோரும் ஆசிரியரும் எடுத்தாளும் உவமை ஒன்றுண்டு. தேறிய பிள்ளையைப் 'பந்தயக் குதிரை' என்பர். தேறாத பிள்ளையை 'ஓடாத குதிரை' என்பர். உவமை கூறுவோர் உவமானத்தின் இயல்பை நன்கு அறிந்திருத்தல் வேண்டும் என்பது அணியிலக்கணம் பயில்வார் அறிந்ததே. ஆதலின், பந்தயக் குதிரை எவ்வாறு வளர்கின்றது, அதன் வன்மை எப்பொழுது வெளிப்படுகின்றது என்பனவற்றை ஆராய்ந்து, அவ்வுவமை நம் மக்கள் கருதிய பொருளைத் தருகின்றதா என்று காணப் புகுகின்றோம்.

மிஷன் கல்லூரி மலரில் குதிரைப் பந்தயத்திற்கு என்ன வேலை என்று வினவுவாரும் இருப்பர். பந்தயத்தில் பணம் வைத்து ஆடுதலை நாம் ஆதரிக்கவில்லை. அதனாற் கெட்ட குடிகள் நம் நாட்டில் பல. நம் சட்டமன்றம் 1974ஆம் ஆண்டில் குதிரைப் பந்தயத்தை ஒழிக்கச் சட்டம் இயற்றியதும், அவ்வழக்கில் 1996ஆம் ஆண்டு ஜனவரியில் உச்சநீதிமன்றம் குதிரைப் பந்தயம் பெரிதும் திறமையைப் பற்றியதேயன்றி வெறும் வாய்ப்பைப் பற்றியதன்று எனத் தீர்ப்பளித்ததும், பின்னர் 2024ஆம் ஆண்டு செப்டம்பரில் அரசு குத்தகையை நீக்கிக் கிண்டிப் பந்தயத் திடலைத் தன்வசம் எடுத்துக்கொண்டதும் பலரும் அறிந்தனவே. அவ்வழக்குகளுள் நாம் நுழையவில்லை. சூதாடுவோர் செய்யும் பிழைக்குக் குதிரை பொறுப்பன்று. அவ்விலங்கின் வாழ்க்கையிலிருந்து நாம் கற்கத்தக்கது ஒன்றுண்டு. அதனை மட்டுமே ஈண்டு எடுத்துரைப்போம்.

பந்தயங்களில் ஓடும் 'தொரோபிரெட்' என்னும் சாதிக் குதிரைகள், பதினேழாம் நூற்றாண்டின் இறுதியிலும் பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் இங்கிலாந்துக்குக் கொணரப்பட்ட கீழ்நாட்டுப் பொலிகுதிரைகள் மூன்றன் வழியில் வந்தவை. இவற்றின் வயதைக் கணிக்கும் முறை விந்தையானது. வடகோளத்தில் பிறந்த குதிரைகள் அனைத்திற்கும் ஜனவரி முதல் நாளே பிறந்தநாள்; தென்கோளத்தில் ஆகஸ்டு முதல் நாள். ஆண்டின் தொடக்கத்தில் பிறந்த குட்டியும், நான்கைந்து திங்கள் கழித்துப் பிறந்த குட்டியும் ஒரே நாளில் ஒரே வயதை எய்தியனவாகக் கொள்ளப்பட்டு ஒரே வரிசையில் நிறுத்தப்படும். வளருங் குட்டிக்கு நான்கு திங்கள் சிறிய காலமன்று.

இரண்டு வயது நிரம்பியதாகக் கணக்கிடப்பட்டவுடன் குதிரையை ஓடவிடுதல் பல நாடுகளில் வழக்கம். இரண்டு வயதுக் குதிரைகட்கெனவே சிட்னி நகரில் நடைபெறும் 'கோல்டன் ஸ்லிப்பர்' பந்தயத்தின் பரிசுத்தொகை 50 இலட்சம் ஆஸ்திரேலிய டாலர் என்றால், இளங்குதிரையின் விரைவிற்கு உலகம் வைத்துள்ள விலை விளங்கும். ஆனால், இரண்டு வயதில் குதிரையின் உடல் முற்றுப்பெறுவதில்லை. முன்கால் முழந்தாளுக்கு மேலுள்ள எலும்பின் வளர்ச்சி இரண்டு அல்லது இரண்டரை வயதளவிலேதான் நிற்கின்றது. முதுகெலும்போ ஐந்து வயதளவிலேதான் முதிர்கின்றது. இந்நிலையில் இரண்டு வயது ஓட்டத்தைக் கொண்டு ஒரு குதிரையின் முழு வன்மையையும் அளத்தல், பூவைக் கண்டே கனியின் சுவையைக் கூறுதலை ஒக்கும். ஒரோவழி மெய்யாகலாம், பலகால் பொய்க்கும்.

இதனை உலகறிய மெய்ப்பித்த பெண்குதிரை ஒன்றுண்டு. அதன் பெயர் மக்கைபீ திவா. அது 1999ஆம் ஆண்டு மார்ச்சு 21ஆம் நாள் இங்கிலாந்தில் பிறந்தது. அதன் தாயைச் சினையாக இருக்கும்பொழுதே வாங்கியவர் டோனி சாண்டிக் என்பவர். குரோவேஷியாவிற் பிறந்து, தென் ஆஸ்திரேலியாவிலுள்ள போர்ட் லிங்கன் துறைமுகத்தில் சூரை மீன்பிடித் தொழிலால் பொருளீட்டியவர். குட்டி பிறந்த ஆண்டிலேயே அதனை ஏலத்தில் விற்க முயன்றனர். குறித்த அடிவிலைக்குக் கேட்பாரில்லை. விலைபோகாத அக்குட்டி, பின்னர் 2000ஆம் ஆண்டில் தாயோடு ஆஸ்திரேலியாவுக்கு அனுப்பப்பட்டது. சாண்டிக் தம் அலுவலகத்திற் பணிபுரிந்த ஐந்து பெண்களின் பெயர்களினின்று இரண்டிரண்டு எழுத்துகளை எடுத்துக் கோத்து அதற்குப் பெயரிட்டார்.

வடகோளத்து வசந்தத்திற் பிறந்தமையின், தென்கோளத்துக் குதிரைகளோடு ஓடியபொழுது அதற்கு ஒரு குறை இருந்தது: உடன் நின்ற குதிரைகளை விட அது ஏறக்குறைய அரையாண்டு இளையது. இரண்டு வயதில் அது ஓடவேயில்லை. மூன்று வயதும் நான்கு திங்களும் ஆனபின், 2002ஆம் ஆண்டு ஜூலையில், விக்டோரியா மாநிலத்துப் பெனல்லா என்னும் சிற்றூரில் முதன்முதல் ஓடி நான்காவதாக வந்தது. அன்று அத்திடலில் இருந்தோருள் எவரேனும் இக்குதிரையின் பெயரைக் குறித்து வைத்திருப்பரோ என்பது ஐயமே.

அதன்பின் நிகழ்ந்தவற்றை உலகம் அறியும். 1861ஆம் ஆண்டு முதல் நடந்துவரும் மெல்பர்ன் கோப்பைப் பந்தயம் 3,200 மீட்டர் தொலைவுடையது. ஏறக்குறைய இரண்டு மைல். முதல் ஐந்நூறு மீட்டரில் முந்துவதனாற் பயனில்லை. இறுதி நானூறு மீட்டருக்கென வலிமையைக் காத்து வைத்திருக்கும் குதிரையே வெல்லும். அக்கோப்பையை மக்கைபீ திவா 2003, 2004, 2005 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் தொடர்ந்து வென்றது. மும்முறை வென்ற குதிரை அதற்கு முன்னும் இல்லை, பின்னும் இல்லை. மூன்றாம் முறை வென்றபொழுது அதன் வயது ஆறரைக்கு மேல்.

இப்பந்தயத்தில், வென்ற குதிரைக்கு அடுத்தமுறை கூடுதற் பாரம் ஏற்றுவது விதி. அவ்விதியின்படி 2003இல் 51 கிலோகிராம் சுமந்த அக்குதிரை, 2004இல் 55.5 கிலோகிராமும், 2005இல் 58 கிலோகிராமும் சுமந்து வென்றது. முதற் பயிற்சியாளர் டேவிட் ஹால் ஹாங்காங் சென்றுவிடவே, லீ ஃபிரீட்மன் பயிற்சியை ஏற்றார். மூன்று கோப்பைகளிலும் ஏறியவர் கிளென் பாஸ் என்னும் ஜாக்கி. மூன்றாவது வெற்றியோடு அதற்கு ஓய்வு தந்தனர்.

இதன் வரலாற்றிற் பலரும் கருதாது விடும் செய்தி ஒன்றுண்டு. அது ஓடிய பந்தயங்கள் 36, வென்றவை 15. எனவே, 21 முறை தோற்றுள்ளது. தோல்வி ஒன்றைக் கண்டு அதன் உரிமையாளர் 'இஃது ஓடாத குதிரை' என்று ஒதுக்கியிருந்தால், ஒதுக்குதற்கு 21 வாய்ப்புகள் அவர்க்கிருந்தன.

இஃது ஒரு குதிரைக்கு வாய்த்த நற்பேறு என்று கூறற்க. அமெரிக்காவில் 2004ஆம் ஆண்டு பிறந்த ஜென்யாட்டா என்னும் பெண்குதிரையும் இரண்டு வயதில் ஓடவில்லை. 60,000 டாலருக்கு ஏலம்போன அது, மூன்றரை வயதிற்குப் பின், 2007ஆம் ஆண்டு நவம்பரில்தான் முதன்முதல் திடலில் இறங்கிற்று. பின்னர் 19 பந்தயங்களில் இடையறாது வென்று, இருபதாவதாகிய இறுதிப் பந்தயத்தில் மட்டும் தலையளவு பின்தங்கிற்று. அதன் பயிற்சியாளர் ஜான் ஷிரஃப்ஸ் அதன் பேருடல் முதிரும் வரை விரைந்து ஓட்டாது காத்திருந்தார். காத்திருந்தமையால் அவர் இழந்தது ஒன்றுமில்லை.

இனி, மறுப்போர் கூறுவனவற்றை நோக்குவோம். இளமையிற் பயிற்சி பெற்ற குதிரைக்கே எலும்பு வலுப்பெறும் என்றும், இரண்டு வயதில் ஓடிய குதிரைகள் பல நெடுநாள் நலமுடன் ஓடியுள்ளன என்றும் குதிரை மருத்துவர் சிலர் கூறுவர். அதனை நாம் மறுக்கவில்லை. அளவோடு அமைந்த பயிற்சி இளவெலும்பிற்கு நன்மையே செய்யும். ஆனால், பயிற்சி வேறு, தீர்ப்பு வேறு. குட்டியை ஓடப் பழக்குதல் பயிற்சி. அதன் முதல் ஓட்டத்தைக் கொண்டு அதனை விலக்கிவிடுதல் தீர்ப்பு. முன்னதை எத்துணை இளமையில் தொடங்கினும் தகும். பின்னதை எத்துணைக் காலந் தாழ்த்தினும் தகும். நம் நாட்டில் இவ்விரண்டையும் ஒன்றெனக் கருதுகின்றனர். கேடு ஆண்டே தொடங்குகின்றது.

2019ஆம் ஆண்டு செப்டம்பரில் தமிழ்நாட்டில் ஐந்தாம், எட்டாம் வகுப்புப் பிள்ளைகட்குப் பொதுத்தேர்வு நடத்த ஆணை பிறந்தது. பெற்றோரும் ஆசிரியரும் எதிர்க்கவே, 2020ஆம் ஆண்டு பிப்ரவரியில் அவ்வாணை கைவிடப்பட்டது. 2024ஆம் ஆண்டு டிசம்பரில் நடுவண் அரசு, தன் பள்ளிகளில் அவ்வகுப்புகளில் மறுதேர்விலும் தேறாதாரை அதே வகுப்பில் நிறுத்திவைக்க இடந்தந்தது. தமிழ்நாட்டு அரசு அதனை ஏற்கவில்லை. பத்து வயதுப் பிள்ளைக்குப் பொதுத்தேர்வு வைத்தல், இரண்டு வயதுக் குதிரைக்குப் பந்தயம் வைத்தலின் வேறன்று. ஒரே வகுப்பிலுள்ள பிள்ளைகளுள் மூத்தோர்க்கும் இளையோர்க்கும் ஓராண்டளவு வேறுபாடு இருத்தலையும் எண்ணுக. அரையாண்டு இளையதாகிய அக்குதிரை முன்பே தீர்ப்பிற்கு உட்பட்டிருந்தால், மெல்பர்ன் கோப்பையை அது கண்டிராது.

'காத்திருத்தல் செல்வர்க்கு இயலும், எளியோர்க்கு இயலுமோ?' என்பது இரண்டாவது மறுப்பு. இஃது உண்மையான மறுப்பு. இதற்கு விடை கூறாது செல்லுதல் நேர்மையன்று. குதிரைக்குத் திங்கள்தோறும் தீவனச் செலவும் பயிற்சிச் செலவும் உண்டு. சாண்டிக் காத்திருந்தார் எனின், அவர் கையில் பொருள் இருந்தது. மணவாள நகரில் தேர்வில் தவறிய பிள்ளையின் தந்தைக்கு அது இல்லை. ஆகவே, ஜூன் பிறக்குமுன் அப்பிள்ளை கம்பெனிப் பேருந்தில் ஏறிவிடுகின்றான். காக்களூர்த் தொழிற்பேட்டைக்கோ, கும்மிடிப்பூண்டிக்கோ, திருப்பெரும்புதூர்ப் பக்கமோ ஒப்பந்தத் தொழிலாளனாகச் செல்கின்றான். தொழிற்சாலை வேலையில் இழிவொன்றுமில்லை. நம்முள் பலருக்குச் சோறிட்டது அவ்வேலையே. தானே விரும்பிச் சென்றவனைப் பற்றி நமக்கு வழக்கில்லை. 'நீ ஓடாத குதிரை' என்று பிறர் கூறியதை நம்பிச் சென்றவனைப் பற்றியே நாம் வருந்துகின்றோம். இரவு வேலை முடித்து விடியற்காலையில் இறங்கும் அவனும், முதல் வண்டிக்குப் புத்தகம் ஏந்தி நிற்கும் நாமும் நிலையத்தருகே எதிர்ப்படுகின்றோம். ஒரே பலகையில் அமர்ந்து பயின்றவன். இன்று நம்மைக் கண்டால் முகம் திருப்பிக்கொள்கின்றான்.

அவன் தந்தை காத்திருக்க இயலாதாயின், காத்திருக்கும் பொறுப்பு யாருடையது? அஃது ஊராருடையது, அரசினுடையது, சிறப்பாக நம் கல்லூரி போன்ற அறநிலையங்களுடையது என்பது நம் கருத்து. மே மாதத்தில் தவறியோர்க்கு அரசு துணைத்தேர்வு நடத்துகின்றது. ஆனால் அதன் முடிவு வருமுன் பல கல்லூரிகளில் இடங்கள் நிரம்பிவிடுகின்றன; திறந்த ஒரு கதவு மற்றொரு கதவால் அடைபடுகின்றது. நம் கல்லூரி ஒவ்வொரு துறையிலும் ஓரிரண்டு இடங்களையேனும் துணைத்தேர்வில் தேறுவோர்க்கென ஒதுக்கி வைத்தல் வேண்டும். அத்தேர்வுக்குப் படிப்போர்க்கு மாலை வேளைகளில் பாடஞ்சொல்ல மாணவராகிய நாமே முன்வருதல் வேண்டும். பழைய மாணவர் சங்கத்தார் ஒரு மாணவனுக்கேனும் ஓராண்டுச் செலவை ஏற்றல் வேண்டும். இவை பெரும்பொருள் வேண்டும் செயல்கள் அல்ல.

தமிழ் பயிலும் நமக்குக் காலந் தாழ்ந்த முதிர்ச்சி புதிதன்று. 1680ஆம் ஆண்டு இத்தாலியிற் பிறந்த வீரமாமுனிவர், முப்பது வயதளவில் தமிழகம் வந்த பின்னரே தமிழ் பயின்று, 1726ஆம் ஆண்டில் தேம்பாவணியை நமக்கு அளித்தார். 1820ஆம் ஆண்டு பிறந்த போப்பையர், திருக்குறளின் ஆங்கில மொழிபெயர்ப்பை 1886இலும் திருவாசக மொழிபெயர்ப்பை 1900இலும் வெளியிட்டார். பின்னது வெளிவந்தபொழுது அவர்க்கு அகவை எண்பது. இவர்களைப் பதினேழாம் வயதில் தமிழ்த்தேர்வுக்கு அமர்த்தியிருப்பின் நம் மொழி இழந்திருக்கக்கூடியதை எண்ணிப் பார்ப்போமாக.

நம் ஆண்டவர் அருளிய அத்திமர உவமையை நாம் சிற்றாலயத்தில் பலகால் கேட்டுள்ளோம். மூன்றாண்டு கனியில்லை, வெட்டிவிடு என்கின்றான் தோட்டத்துக்கு உடையவன். இன்னும் ஓராண்டு பொறுக்குமாறு தோட்டக்காரன் வேண்டுகின்றான். அவன் வெறுமனே பொறுத்திருக்கவும் கேட்கவில்லை. சுற்றிலும் கொத்தி எருவிடுவதாகப் பொறுப்பேற்கின்றான். நம் கல்லூரி அத்தோட்டக்காரன் செய்த தொழிலைச் செய்வதாகுக. வரும் மே மாதத்தில் தேர்வு முடிவு வெளியாகும்பொழுது, நண்பர்களே, சாத்திய கதவு ஒன்றைக் கண்டால் தட்டுங்கள். உள்ளே இருக்கும் பிள்ளைக்கு, ஏலத்தில் கேட்பாரற்று நின்ற ஒரு குதிரைக்குட்டியின் கதையைக் கூறுங்கள். கூறியபின், துணைத்தேர்வுக்கு விண்ணப்பிக்கும் கடைசி நாளையும் மறவாது கூறுங்கள்.