பன்னிரண்டு மணி நேரமும் மூன்று அறிஞர்களும்

வேபர் வந்தார், மார்க்ஸ் காலாவதியானார் என்று நம் கற்றோருள் சிலர் தீர்ப்பெழுதிவிட்டனர். அவர்கள் ஒருமுறை அத்திப்பள்ளி எல்லையைக் கடந்து ஓசூருக்கு வரட்டும்.

2023 பிப்ரவரியில் கர்நாடகச் சட்டமன்றம் பன்னிரண்டு மணி நேர வேலைநாளுக்கு வழி திறந்தது. ஏப்ரல் 21 அன்று தமிழகப் பேரவையும் அத்தகைய திருத்தத்தை நிறைவேற்றியது. வாரத்திற்கு 48 மணி என்ற வரம்பு மாறாதென்று சமாதானம் கூறினர். எதிர்ப்பு வலுக்கவே, மே தினத்தன்று அது திரும்பப் பெறப்பட்டதாக முதல்வர் அறிவித்தார். 1867-இல் வெளிவந்த 'மூலதனம்' வேலைநாளுக்கென்றே நெடிய ஓர் அதிகாரத்தை ஏன் ஒதுக்கியது என்பது இப்போதேனும் விளங்குகிறதா?

வேபரை நாம் தள்ளவில்லை. சமயத் துறவுணர்வில் வேர்விட்ட உழைப்பு, பின்னர் எவரும் தப்பவியலாத இரும்புக் கூண்டாயிற்று என்று கண்டவர் அவரே. விடியுமுன் சிப்காட் வாயிலில் இறங்கும் ஒப்பந்தத் தொழிலாளிக்கு உழைப்பு இறையழைத்தல் அன்று, வீட்டு வாடகை. ஆயினும் அக்கூண்டின் அளவை நிர்ணயிப்பவர் யார்? முதலீட்டை ஈர்க்க இரு மாநிலங்கள் போட்டியிடும் இந்த எல்லையில், விடைதேடி நாம் மார்க்ஸிடமே செல்லவேண்டியுள்ளது.

துர்க்கைமோ தொழிற்குழுக்கள் ஒழுங்கை மீட்கும் என நம்பினார். நல்ல நம்பிக்கைதான். ஒப்பந்தம் முடிந்ததும் ஆளே மாறும் ஆலையில், எந்தக் குழு எத்தனை மாதம் நிலைக்கும்?